கார்ட்டூனில் கற்ற ஜப்பானிய மொழி

இரண்டு வருடங்களுக்கு முன்பு, நியூசிலாந்தின் ஆக்லாந்தில் மழையும் குளிரும் சேர்ந்து வாட்டுகிற ஜூலை மாதத்தில் இது நடந்தது. நகர மையத்தில், துறைமுகத்தை நோக்கி இறங்கும் ஒரு தெருவில் இருந்த ஹோட்டலில் நான் ரிசப்ஷனில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். திருச்சியில் பி.காம். முடித்து, ஹோட்டல் நிர்வாகம் படிக்க இங்கே வந்தவன். படிப்பு முடிந்ததும் அந்த ஹோட்டலிலேயே வேலை கிடைத்தது. அந்த வேலையோடு கட்டிய விசா. சான்ட்ரிங்ஹாம் பகுதியில் இன்னும் மூன்று பேரோடு ஒரு வாடகை வீட்டில் தங்கி, தினமும் பஸ்ஸில் டவுனுக்குப் போய் வருவேன்.

எனக்கு ஜப்பானிய மொழி தெரியும் என்று நம்பிக்கொண்டிருந்தேன். அந்த நம்பிக்கை எங்கிருந்து வந்தது என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

நான் ஐந்தாம் வகுப்பு படிக்கும்போது எங்கள் வீட்டு டிவியில் ஜப்பான் கார்ட்டூன்கள் தமிழில் பேசத் தொடங்கின. முள்ளு முள்ளாய்த் தலைமுடி வைத்த வீரர்கள், கத்திக்கொண்டே சண்டை போடுவார்கள். எங்கள் தெருப் பையன்கள் எல்லோருக்கும் அது பைத்தியம். காலேஜ் ஹாஸ்டலுக்குப் போன பிறகு அதையே ஜப்பானிய ஒலியில், ஆங்கில எழுத்தோடு பார்க்க ஆரம்பித்தேன். மூன்று வருடம் ஒருநாள் விடாமல் பார்த்தால் காதில் ஏதாவது ஒட்டத்தானே செய்யும். 'இரு' என்று முடிகிற வாக்கியங்கள் நிறைய வரும். 'தபேதே இரு' என்றால் சாப்பிட்டுக்கொண்டு இருக்கிறான். 'நேதே இரு' என்றால் தூங்கிக்கொண்டு இருக்கிறான். அட, நம்ம தமிழ் 'இரு' போலவே இருக்கிறதே என்று நானே ஒரு இலக்கணம் கண்டுபிடித்து, அறை நண்பர்களுக்குப் பாடம் எடுத்தேன்.

ஆக்லாந்துக்கு வந்து இறங்கியபோது அந்தப் பைத்தியம்தான் எனக்குத் துணையாக இருந்தது. கல்லூரியில் முதல் வாரம் யாரோடும் பேச முடியாமல் ஒடுங்கி உட்கார்ந்திருந்த என் பையில் தொங்கிய ஒரு சின்ன கார்ட்டூன் பொம்மையைப் பார்த்து, ஒரு மாவோரிப் பையனும் ஒரு கொரியப் பெண்ணும் வந்து பேசினார்கள். மூன்று பேரும் மூன்று மூலையில் வளர்ந்து ஒரே கதைக்கு அழுதிருந்தோம். இந்த ஊரில் எனக்குக் கிடைத்த முதல் நண்பர்கள் அவர்கள்தான்.

ஹோட்டலில் சேர்ந்தபோது, தெரிந்த மொழிகளின் கொடிகளைப் பெயர்ப் பட்டையில் குத்திக்கொள்ளலாம் என்றார்கள். இந்தியக் கொடிக்குப் பக்கத்தில் ஜப்பான் கொடியையும் குத்திக்கொண்டேன். யாரும் பரீட்சை வைக்கவில்லை. ஜப்பானிய விருந்தினர்கள் வரும்போது இரண்டு வாக்கியம் அள்ளிவிடுவேன். அவர்கள் கைதட்டி, நன்றாகப் பேசுகிறாய் என்று பாராட்டுவார்கள். அது குழந்தை நடை பழகுவதைப் பார்த்துக் கைதட்டுவது போன்ற பாராட்டு என்று எனக்குத் தெரியவில்லை.

அந்த ஜூலையில் ஒரு வயதான ஜப்பானியத் தம்பதி பத்து நாளைக்கு அறை எடுத்து வந்தார்கள். கணவருக்கு எழுபத்தைந்து வயதுக்கு மேல் இருக்கும். ரயில் ஓட்டுநராக இருந்து ஓய்வு பெற்றவர். மெலிந்த உடம்பு, பெரிய சிரிப்பு. அந்த அம்மா அவருடைய தோள் உயரம்தான் இருப்பார். இருவருக்கும் ஆங்கிலம் சுத்தமாக வராது. திருமணமாகி ஐம்பது வருடம் கழித்து முதல்முறையாக வெளிநாடு வந்திருந்தார்கள்.

என் கொடியைப் பார்த்ததும் அவருக்கு ஒரே சந்தோஷம். எங்கே கற்றாய் என்று கேட்டார். டிவி, கார்ட்டூன் என்றேன். இந்தியாவிலா என்று கேட்டு, அந்த வீரர்கள் அங்கே என்ன மொழி பேசுவார்கள் என்றார். தமிழ் என்று சொல்லி, சண்டைக்கு முன் வீரன் பேசும் மாதிரி ஒரு வசனத்தைத் தமிழில் முழங்கிக் காட்டினேன். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அந்த அம்மா வாயைக் கையால் மூடிக்கொண்டு சிரித்தார். மறுநாளிலிருந்து காலையில் லிஃப்டை விட்டு வெளியே வரும்போதெல்லாம் அவர் எனக்கு "வனக்கமு" என்று சொல்வார். நான்தான் சொல்லிக் கொடுத்திருந்தேன்.

ஆனால் அவர் நாலு வார்த்தைக்கு மேல் பேசினால் எனக்குப் பாதி புரியாது. புரிந்தது போலத் தலையாட்டுவேன். ஒருநாள் அந்த அம்மா ஏதோ கேட்டார். மழை பெய்துகொண்டிருந்ததால் குடை கேட்கிறார் என்று எடுத்துக் கொடுத்தேன். அவர் இரண்டு கையாலும் வாங்கி, குனிந்து நன்றி சொல்லிவிட்டுப் போனார். அன்று மாலை அறை சுத்தம் செய்யும் பெண் வந்து, அந்த அறையில் ஹீட்டர் வேலை செய்யவில்லை, அந்த அம்மா கோட்டோடு உட்கார்ந்திருக்கிறார் என்று சொன்ன பிறகுதான் அவர் என்ன கேட்டார் என்று விளங்கியது. அப்போதே நான் அந்தக் கொடியைக் கழற்றியிருக்க வேண்டும். நண்பர்களிடம் சொல்லிச் சிரித்ததோடு விட்டுவிட்டேன்.

ஆறாவது நாள் காலை, ஒன்பது மணி இருக்கும். இருவரும் சாப்பிட்டுவிட்டு லாபி வழியாக வந்தார்கள். அவர் என்னைப் பார்த்துக் கையைத் தூக்கினார். பாதியிலேயே கை இறங்கியது. முகம் சாம்பல் நிறமாக மாற, முழங்கால் மடங்கி, அப்படியே தரையில் சரிந்தார்.

நான் அவசர உதவி எண் 111-க்கு போன் செய்தேன். முதலுதவி தெரிந்த ஒரு விருந்தினர் ஓடி வந்து அவர் நெஞ்சை அழுத்த ஆரம்பித்தார். ஆம்புலன்ஸ் சீக்கிரமே வந்துவிட்டது. இரண்டு பேர் வந்தார்கள். அதில் ஒரு பெண்தான் பொறுப்பாளர். பெரியவருடைய சட்டையை வெட்டி, கருவியைப் பொருத்தி, ஊசி போட்டு என்னென்னவோ செய்தார்கள். அந்த அம்மா தூணோரம் நின்று இரண்டு கைகளையும் மார்பில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தார். அழவில்லை.

கொஞ்ச நேரத்தில் நாடித்துடிப்பு திரும்பிவிட்டது. ஆனால் ரொம்பப் பலவீனமாக இருந்தது. ஸ்ட்ரெச்சரில் ஏற்றிக்கொண்டே அந்தப் பெண் கேட்டார், "இந்த அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியுமா?"

"தெரியாது. ஜப்பானிய மொழி மட்டும்தான்" என்றேன்.

"போனில மொழிபெயர்க்கிற ஆளைப் பிடிக்கிறேன். ரெண்டு நிமிஷம் ஆகும்."

அந்த இரண்டு நிமிடத்தை நான்தான் வேண்டாமென்றேன். "நானே சொல்றேன். எனக்கு அந்த மொழி தெரியும்" என்று முன்னால் போனேன். அந்தப் பெண் என் சட்டையில் இருந்த கொடியைப் பார்த்தார். பிறகு என்னை நம்பினார்.

"சரி. மறைக்காம சொல்லுங்க. நிலைமை ரொம்ப மோசம். இவர் செத்துக்கிட்டிருக்கார். கூட வர்றதா இருந்தா இப்பவே வரணும்."

நான் அந்த அம்மாவின் எதிரே போய் நின்றேன். செத்துக்கொண்டு இருக்கிறார். சாவதற்கு என்ன சொல் என்று யோசிக்கவே தேவையில்லை. கார்ட்டூனில் அதிகம் வருகிற சொல் அதுதானே. அதோடு என் 'இரு'வைச் சேர்த்தேன். ஸ்ட்ரெச்சரைக் காட்டி, நிதானமாக, தெளிவாக, "ஷிந்தே இரு" என்றேன்.

அந்த அம்மா என் முகத்தைப் பார்த்தார். நான் இன்னொரு முறை சொன்னேன். வாசலில் நின்ற ஆம்புலன்ஸைக் காட்டி, போங்கள் என்று கையால் சைகை செய்தேன். அவர் ஸ்ட்ரெச்சரைப் பார்க்கவில்லை. மெதுவாகக் குனிந்து ஆம்புலன்ஸ்காரர்களுக்கு ஒரு வணக்கம் வைத்தார். எனக்கும் ஒரு வணக்கம். ஏதோ மெல்லிய குரலில் சொன்னார். எனக்குப் புரியவில்லை. திரும்பி லிஃப்டை நோக்கி நடந்தார்.

"வரலையா?" என்று அந்தப் பெண் கேட்டார்.

"அதிர்ச்சியில இருக்காங்க. பாஸ்போர்ட் எடுக்கப் போறாங்கன்னு நினைக்கிறேன்."

"எங்களால காத்திருக்க முடியாது. டாக்சியில அனுப்பி வைங்க" என்று ஆஸ்பத்திரியின் பெயரைச் சொல்லிவிட்டுப் போனார்கள். பத்து நிமிடத்துக்குள் போய்விடக்கூடிய தூரம்தான்.

அந்த நேரத்தில்தான் ஒரு பெரிய சுற்றுலாக் குழு அறையைக் காலி செய்ய வந்தது. வரிசை வாசல் வரை நின்றது. இடையில் ஒருமுறை அறைக்குப் போன் செய்தேன். லைன் பிசியாக இருந்தது. ஜப்பானில் இருக்கும் மகனிடம் பேசுகிறார் போல, தொந்தரவு செய்ய வேண்டாம், இறங்கி வந்ததும் டாக்சி பிடித்துக் கொடுக்கலாம் என்று நினைத்தேன். கடிகாரத்தைப் பார்க்கவே இல்லை.

பத்தரை மணிக்கு ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது. "அவருடைய மனைவி கிளம்பிவிட்டாரா? அவர் கண் விழித்திருக்கிறார். யாரையோ கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார்" என்றார்கள்.

நான் படியேறி ஓடினேன். கதவைத் தட்டியதும் அந்த அம்மா திறந்தார். கறுப்பு உடை மாற்றியிருந்தார். தலை படிய வாரியிருந்தது. உள்ளே கட்டில்மேல் கணவருடைய கோட்டும் கால்சட்டையும் ஆள் படுத்திருப்பது போல ஒழுங்காக விரித்திருந்தது. இஸ்திரிப் பலகையில் ஒரு வெள்ளைச் சட்டை, பாதி தேய்த்தபடி. அறையெல்லாம் சூடான துணியின் வாசம்.

நான் மூச்சு வாங்க, ஆஸ்பத்திரி, சீக்கிரம், உங்களைக் கூப்பிடுகிறார் என்று தெரிந்த வார்த்தைகளைக் கோத்துச் சொன்னேன். "யொந்தே இரு." கூப்பிட்டுக்கொண்டு இருக்கிறார்.

அவருக்கு முதலில் விளங்கவில்லை. பிறகு என் சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"இகிதே இரு?"

அதற்கு அர்த்தம் எனக்குத் தெரியும். உயிரோடு இருக்கிறாரா. செத்ததாக நினைத்த நண்பன் புகைக்கு நடுவிலிருந்து எழுந்து வரும்போது, அந்தக் கதைகளில் எல்லோரும் கத்துகிற வார்த்தை. நான் 'ஹாய்' என்றேன். ஆமாம் என்று அர்த்தம். சொல்லும்போதே ஒரு சந்தேகம் வந்தது. இந்தக் கேள்வியை இவர் ஏன் கேட்கிறார்?

அறைச் செருப்போடு அப்படியே ஓடி வந்தார். டாக்சியில் பின்சீட்டில் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, போனில் அந்த இரண்டு சொற்களைப் போட்டுத் தேடினேன். 'ஷிந்தே இரு: இறந்துவிட்டார், இறந்து கிடக்கிறார்.' சாப்பிடுவதற்கும் தூங்குவதற்கும் சரியாக வருகிற அந்த 'இரு', சாவுக்கு மட்டும் வேறாக மாறிவிடும். இறந்துகொண்டிருக்கிறார் என்று அதற்கு அர்த்தமே கிடையாது. அதோடு, அடுத்தவர் வீட்டு மரணத்தைப் பற்றிப் பேசும்போது அந்தச் சொல்லையே எடுக்கமாட்டார்களாம். ஒரு நாயைப் பற்றியோ எதிரியைப் பற்றியோ சொல்வதுபோல, கட்டின கணவரைப் பற்றி அந்த அம்மாவின் முகத்துக்கு நேரே, இரண்டு முறை சொல்லியிருக்கிறேன். உங்கள் ஆள் செத்துவிட்டான் என்று.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அவர் மறுபடியும் நினைவிழந்திருந்தார். வாயில் குழாய் இருந்தது. அந்த அம்மா கட்டிலோரம் போய் அவர் கையை எடுத்துத் தன் கன்னத்தில் வைத்துக்கொண்டார். அப்போதுதான் முதல்முறையாக அழுதார்.

அங்கிருந்த நர்ஸ் ஐம்பது வயதைத் தாண்டியவர். என் பெயர்ப் பட்டையைப் பார்த்துவிட்டு, "தமிழோ?" என்று கேட்டார்.

"ஆமாக்கா, திருச்சி."

"நான் யாழ்ப்பாணம்" என்றவர் என்னைக் கொஞ்சம் தள்ளிக் கூட்டிக்கொண்டு போனார். "ஏன் தம்பி இவ்வளவு நேரம்? மனுசன் இருபது நிமிசத்துக்கு மேல முழிப்பாத்தான் இருந்தவர். வாசலைப் பாத்துப் பாத்துக் கதைச்சவர். எங்களுக்கு ஒண்டும் விளங்கேல்ல. போனில மொழிபெயர்க்கிற ஆள் வாறதுக்குள்ள திரும்ப மயங்கிப் போனார்."

"என்ன சொன்னாருக்கா?"

"அதைத்தானே சொல்லுறன். ஆருக்குத் தெரியும்?"

டாக்டர் வந்தார். போனில் மொழிபெயர்ப்பாளரை ஸ்பீக்கரில் போட்டார்கள். நடுத்தர வயதுப் பெண்ணின் குரல். டாக்டர் நிலைமையைச் சொல்லிவிட்டு, ஆம்புலன்ஸில் ஏன் கூட வரவில்லை என்று மென்மையாகத்தான் கேட்டார். அந்த அம்மா பதில் சொன்னார். போனில் இருந்த குரல் ஒரு கணம் தயங்கிவிட்டு ஆங்கிலத்தில் சொன்னது: "அவர் இறந்துவிட்டார் என்று ஹோட்டலில் சொன்னார்களாம். அதனால்தான் வரவில்லை என்கிறார்."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எனக்கு உண்மை தெரிந்து பத்து நிமிடம் ஆகியிருந்தது. என் மனதில் என்ன ஓடியது என்பதை மறைக்காமல் எழுதுகிறேன். அந்தப் பெரியவர் என் நினைவில் இல்லை. என் விசா இருந்தது. போட்டுவைத்திருந்த நிரந்தர வசிப்புரிமை விண்ணப்பம் இருந்தது. ஊரில் என்னைப் பற்றிப் பெருமையாகப் பேசிக்கொண்டிருக்கும் அப்பா இருந்தார்.

"நான் அப்படிச் சொல்லவில்லை. ரொம்ப சீரியஸ் என்றுதான் சொன்னேன். அதிர்ச்சியில் தவறாகப் புரிந்துகொண்டிருப்பார்" என்றேன்.

போனில் இருந்த பெண் அதையும் மொழிபெயர்த்தார். அந்த அம்மா தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். மறுத்துப் பேசுவார் என்று நினைத்தேன். பேசவில்லை. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, தன் நெற்றியை விரல்களால் தொட்டுக்கொண்டு, மறுபடி கணவரின் கை பக்கம் திரும்பிக்கொண்டார்.

பதினொன்றே முக்காலுக்கு அவர் போய்விட்டார். கண் திறக்கவே இல்லை.

ஹோட்டலில் சம்பவ அறிக்கை எழுதச் சொன்னார்கள். அதிலும் அதையே எழுதினேன். விருந்தினர் தவறாகப் புரிந்துகொண்டார். மேனேஜர் படித்துவிட்டு, நீ உன்னால் முடிந்ததைச் செய்தாய் என்று தோளைத் தட்டினார். அந்தக் கொடியைக் கழற்றிச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டேன். வீட்டுக்குப் போய் நண்பர்களிடம் ஒன்றும் சொல்லவில்லை.

மறுநாள் மாலை அவர்களுடைய மகன் ஜப்பானிலிருந்து வந்து சேர்ந்தார். அதற்கடுத்த நாள் காலை என்னைத் தேடி ரிசப்ஷனுக்கு வந்தார். நாற்பதைத் தாண்டியவர். நன்றாக ஆங்கிலம் பேசினார். கையில் அழகாகக் காகிதம் சுற்றிய இனிப்புப் பெட்டி. அம்மாவை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனது நீங்கள்தானே, அப்பா உங்களைப் பற்றிப் போனில் சொல்லியிருந்தார் என்று குனிந்து அதை என்னிடம் நீட்டினார். வாங்கிக்கொண்டேன்.

பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார், "ஒரு விஷயம் கேட்கணும். இங்க இருந்த நாட்கள்ல எங்க அம்மா ஏதாவது குழப்பமா நடந்துக்கிட்டாங்களா? சொன்னதையே திரும்பச் சொல்றது, மறக்கிறது, அந்த மாதிரி?"

"இல்லையே. ஏன்?"

"அப்பா உயிரோட இருக்கும்போதே போன் பண்ணி, அப்பா செத்துட்டார்னு சொன்னாங்க. யாரோ சொன்னாங்கன்னு சொன்னாங்க. ஆனா ஆஸ்பத்திரியில அம்மாதான் தப்பாப் புரிஞ்சுக்கிட்டாங்கன்னு சொல்றாங்க. நேத்து கேட்டா, அம்மாவே தன் தலையில ஏதோ கெட்டுப்போச்சுன்னு சொல்றாங்க. அதையே சொல்லிக்கிட்டிருக்காங்க. ஒரு வாய் சாப்பிடல." அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நான் வேற ஊர்ல இருக்கேன். இனிமே அவங்களைத் தனியா விட முடியாது. வீட்டைக் காலி பண்ணிட்டு, முதியோர் இல்லத்துல சேர்க்கணும் போல இருக்கு."

லாபியின் ஜன்னலோரம் அந்த அம்மா உட்கார்ந்திருந்தார். வெளியே மழை. இரண்டு கைகளையும் மடியில் வைத்து, பள்ளிக்கூடத்தில் தண்டனை பெற்ற பிள்ளை மாதிரி உட்கார்ந்திருந்தார்.

அப்போது நான் உண்மையைச் சொன்னது நல்லவன் என்பதால் அல்ல. இன்னும் ஒரு நிமிடம் அந்த இனிப்புப் பெட்டியை என் கையால் பிடித்துக்கொண்டு நிற்க முடியவில்லை. அதுதான் காரணம். பெட்டியை மேஜைமேல் வைத்துவிட்டு, "உங்க அம்மா சரியாத்தான் கேட்டாங்க. தப்பு என்னோடது. நான் பொய் சொன்னேன்" என்றேன்.

அவர் கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். "நீங்க சொன்ன வார்த்தை என்ன? அப்படியே சொல்லுங்க" என்றார்.

சொன்னேன். அவர் கண்களை மூடிக்கொண்டார்.

"எங்க கத்துக்கிட்டீங்க?"

"கார்ட்டூன்ல."

அவர் கத்துவார், மேனேஜரைக் கூப்பிடுவார், அடித்தாலும் வாங்கிக்கொள்ள வேண்டும் என்று நின்றேன். அவர் ரொம்ப மெதுவாகத்தான் பேசினார். "நானும் அதையெல்லாம் பார்த்து வளர்ந்தவன்தான். அதில செத்தவங்க எல்லாரும் அடுத்த வாரம் எழுந்து வந்துடுவாங்க." பிறகு, "எங்க அப்பா வாசலைப் பார்த்துக்கிட்டிருந்தாராம்" என்றார்.

அவர் ஜன்னலோரம் போய் அம்மாவின் முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்து சொல்ல ஆரம்பித்தார். நான் பின்னாலேயே போய், நாலடி தள்ளித் தலைகுனிந்து நின்றேன். மகன் பேசி முடித்ததும் அந்த அம்மா நிமிர்ந்தார். அவர் முகத்தில் கோபம் வரவில்லை. இரண்டு நாளாகக் கூன் போட்டிருந்த முதுகு மட்டும் மெல்ல நேரானது. மகனைப் பார்த்து ஒரு வாக்கியம் சொன்னார். பிறகு அதையே இன்னொரு தடவை சொன்னார்.

"என்ன சொல்றாங்க?" என்று கேட்டேன்.

"நான் சரியாத்தான் கேட்டேன்னு சொல்றாங்க."

அதன்பின் அந்த அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, நீளமாக ஏதோ பேசினார். நடுநடுவே குரல் உடைந்தது. அது இறந்துபோன கணவருக்கான பேச்சா, மகனுக்கா, எனக்கா, தெரியவில்லை. ஒரு வார்த்தைகூட எனக்குப் புரியவில்லை. மகனும் அதை மொழிபெயர்க்கவில்லை. நான் கேட்கவும் இல்லை. மன்னிப்புக் கேட்பதற்கு அவர்கள் மொழியில் ஐந்தாறு வார்த்தைகள் எனக்குத் தெரியும். எதையும் எடுக்கத் துணியவில்லை. தமிழில்தான், "மன்னிச்சிடுங்கம்மா" என்றேன். அவர் திரும்பிப் பார்க்கவில்லை. நாலு நாள் கழித்து, இங்கேயே தகனம் செய்து, அஸ்திப் பெட்டியை வெள்ளைத் துணியில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு அவர்கள் விமான நிலையத்துக்குக் கிளம்பியபோதும் பார்க்கவில்லை.

மகனிடம் உண்மையைச் சொன்ன அன்று மதியமே மேனேஜரிடம் போய் அறிக்கையை மாற்றி எழுதிக் கொடுத்தேன். ஆஸ்பத்திரிக்கும் போன் செய்து சொன்னேன். அந்த யாழ்ப்பாணத்து நர்ஸ்தான் பேசினார். கேட்டுவிட்டு, "எனக்கு அண்டைக்கே உங்கட முகத்தில தெரிஞ்சது, தம்பி" என்றார். ஆறுதலாக ஒன்றும் சொல்லவில்லை. இனிமேல் இப்படிச் செய்யாதேங்கோ என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டார். என்னை ரிசப்ஷனிலிருந்து பின்பக்கம் சலவைப் பிரிவுக்கு மாற்றினார்கள். ஒப்பந்தம் முடிந்ததும் நீட்டிக்கவில்லை. விசாவுக்கு மறுபடி அலைந்து, இப்போது த்ரீ கிங்ஸ் என்ற புறநகரில் ஒரு கடையில் வேலை. இதையெல்லாம் நான் கஷ்டமாக நினைக்கவில்லை. அந்த வருடம் முழுவதும் எனக்கு வேறொரு கணக்கு ஓடிக்கொண்டிருந்தது. அந்தப் பெரியவர் கண் விழித்திருந்த இருபது நிமிடம். அவர் வாசலைப் பார்த்துப் பேசிய பேச்சு. ஐம்பது வருடம் கூட வாழ்ந்தவளிடம் சொல்ல வைத்திருந்ததை, மொழி தெரியாதவர்கள் மத்தியில் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அதைக் கேட்க வேண்டிய ஒரே ஆளை, அறையில் அவருடைய சட்டையைத் தேய்க்க வைத்தவன் நான்.

போன வருடம் ஒரு மாலை வகுப்பில் சேர்ந்தேன். ஜப்பானியப் பெண்மணி ஒருவர் சொல்லிக் கொடுக்கிறார். கணவர் இறந்துகொண்டிருக்கிறார் என்று மனைவியிடம் எப்படிச் சொல்ல வேண்டும் என்று முதல் வாரமே அவரிடம் கேட்டேன். அவர் வியப்பாகப் பார்த்துவிட்டு, அந்தச் சொல்லை நாங்கள் வாயில் எடுக்கமாட்டோம், நிலைமை ஆபத்தாக இருக்கிறது, பக்கத்தில் போய் இருங்கள் என்று மட்டும் சொல்வோம், அது போதும், புரிந்துகொள்வார்கள் என்றார். அந்த வாக்கியத்தைக் கரும்பலகையில் எழுதினார். எட்டுப் பேர் இருந்த அந்த வகுப்பில் ஏழு பேர் கார்ட்டூன் பார்த்து வந்தவர்கள்தான். எல்லோரும் என் மாதிரியே நோட்டில் எழுதிக்கொண்டார்கள்.

அந்தக் கதைகள்மேல் எனக்குக் கோபம் இல்லை. தனியாக வந்தவனுக்கு நண்பர்களைக் கொடுத்தவை அவை. தெரியாததைத் தெரியும் என்று சொல்ல அவை எனக்குக் கற்றுக் கொடுக்கவில்லை. அது என்னிடமே இருந்தது. இன்றைக்கும் கடையில் யாராவது எதையாவது கேட்டு, பதில் சரியாகத் தெரியாமல் நிற்கும்போது, சும்மா தலையாட்டிவிடலாம் என்று ஒரு கணம் தோன்றும். 'எனக்குத் தெரியாது' என்பதைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஜப்பானிய மொழியிலும் சொல்ல அன்றைக்கு எனக்குத் தெரிந்திருந்தது, மூன்றில் ஒன்றிலாவது சொல்லியிருந்தால் அந்தப் பெரியவர் பார்த்துக்கொண்டிருந்த வாசலில் அந்த அம்மா வந்து நின்றிருப்பார் என்ற நினைப்பு, அந்தக் கணத்தில் என் கழுத்தைப் பிடித்து நிறுத்துகிறது.